வார்த்தையில்லா ஆட்டமும் மாமனாரின் துண்டும்

மாஸ்டர்,

நேற்று காந்திபுரத்தில் பீளமேட்டுக்கு டவுன் பஸ் ஏறினேன். ஜன்னலோர சீட்டு கிடைத்தது. இந்த வயதில் அது பரிசுச் சீட்டு விழுந்த மாதிரி. பூக்காரம்மாவின் கூடையிலிருந்து மல்லிகை வாசம், எதிர்க்கடை எண்ணெய்ச் சட்டியிலிருந்து போண்டா வாசம், அதற்கு மேல் டீசல் புகை. கண்டக்டர் படியில் தொற்றிக்கொண்டு இரண்டு விசில் கொடுத்தார். உட்கார்ந்த இடத்திலேயே என் வலது கால் ஓர் அடி எடுத்து வைத்து முன்சீட்டுக் கம்பியில் நங்கென்று இடித்துக்கொண்டது. ரிடையர் ஆகி இத்தனை வருஷம் ஆன பிறகும் இந்தக் காலுக்கு நீங்கள் சொல்லிக்கொடுத்ததுதான் ஞாபகம் இருக்கிறது. இரண்டு விசில் என்றால் ஊருக்கு பஸ் கிளம்பும், உங்களுக்கு ஆட்டம் கிளம்பும்.

எங்கள் பள்ளிக்கூடத்துக்கு நீங்கள் முதலில் வந்தது தொண்ணூறுகளின் நடுவில். ஆண்டு விழாவுக்கு டான்ஸ் மாஸ்டர் வந்திருக்கிறார் என்று பியூன் சொன்னபோது, ஜிகினாச் சட்டையும் தோள் வரைக்கும் முடியுமாக ஒருவரை எதிர்பார்த்துக்கொண்டு வெளியே வந்தேன். நீங்களோ இஸ்திரி போட்ட அரைக்கைச் சட்டையும் கக்கத்தில் டேப்ரெக்கார்டருமாக, இன்ஷூரன்ஸ் ஏஜெண்ட் மாதிரி நின்றுகொண்டிருந்தீர்கள். உங்களுக்கும் எனக்கும் ஏறக்குறைய ஒரே வயது, முப்பதை அப்போதுதான் தாண்டியிருந்தோம். நான் இங்கிலீஷ் டீச்சர். மேடைப் பொறுப்பையும் என் தலையில் கட்டியிருந்ததால், இரண்டு மாதம் உங்களோடு மல்லுக்கட்ட வேண்டியதாயிற்று. நாலு நாளில் அது சிநேகிதமாகிப் போனது வேறு விஷயம்.

உங்களுக்கு இருந்த ஒரே குறை கல்யாணக் குறை. சாப்பாட்டு நேரத்தில் அதைச் சிரித்துக்கொண்டே சொல்வீர்கள். "பொண்ணு ஊட்டுல எல்லாம் நல்லாத்தானுங்க டீச்சர் போகும். மாப்பிள்ளை என்ன பண்றாருன்னு ஒரு கேள்வி வரும் பாருங்க, அதோட எந்திரிச்சு வந்தரோணும்." டான்ஸ் மாஸ்டர் என்றால் ஆட்டக்காரன், ஆட்டக்காரன் என்றால் நாளைக்கு எந்த ஊரில் இருப்பான் என்று தெரியாது. அப்படித்தான் நினைத்தார்கள். நீங்களோ காந்திபுரத்துச் சந்தில் அம்மாவோடு இருந்தீர்கள். கோயமுத்தூரைத் தாண்டிப் போனதே இல்லை என்றுகூடச் சொல்லலாம்.

உக்கடத்துப் பழைய புத்தகக் கடையில் ஒரு நாள் எனக்கு ஒரு தடிப் புத்தகம் கிடைத்தது. இங்கிலீஷ் நாடக மேடையின் சரித்திரம். அதில் கிட்டத்தட்ட முந்நூறு வருஷத்துக்கு முந்தி வாழ்ந்த ஒரு டான்ஸ் மாஸ்டரைப் பற்றி ஓர் அத்தியாயம் இருந்தது. உங்களுக்காகத்தான் அதை மறுநாள் எடுத்து வந்தேன். காலியாகக் கிடந்த பாட்டு ரூமில் டிபன் பாக்ஸைத் திறந்து வைத்துக்கொண்டு நான் வாசித்துச் சொல்லச் சொல்ல, நீங்கள் குறுக்கே கேட்ட கேள்விகள் இருக்கின்றனவே, என் வகுப்பில் ஒரு பிள்ளை அப்படிக் கேட்டதில்லை.

"எந்த ஊருங்க அவருக்கு?"

"லண்டனிலிருந்து ரொம்பத் தள்ளி. சின்ன ஊர். ஒரு ஆறு ஊரை வளைத்துக்கொண்டு ஓடுமாம்."

"பவானி மாதிரின்னு சொல்லுங்க. அவங்கப்பாரு?"

"அவரும் டான்ஸ் மாஸ்டர்தான்."

"செரி, இவருக்குப் பொண்ணு குடுத்தாங்களா?"

நான் பக்கத்தைப் புரட்டிப் பார்த்து, "இரண்டு கல்யாணம். முதல் மனைவி தவறிவிட்டதால் இரண்டாவது" என்றேன். நீங்கள் ரசஞ்சாதத்தைக் கீழே வைத்துவிட்டீர்கள். "ரெண்டு தடவை குடுத்திருக்காங்களா! நல்ல ஊருங்க அது."

அவர் பெயரைச் சொல்லிக்கொடுத்துப் பார்த்தேன், உங்கள் வாயில் நிற்கவில்லை. அன்றிலிருந்து அவர் 'நம்ம இங்கிலீஷ்காரர்' ஆகிவிட்டார், ஏதோ உங்கள் பெரியப்பா மகன் மாதிரி. அவர் காலத்தில் மேடையில் ஆட்டம் என்றால் நாடகத்தின் நடுவே ஒப்புக்கு நாலு குதி குதித்துவிட்டுப் போவது. கயிற்றின் மேல் நடப்பவனையும் குட்டிக்கரணம் போடுபவனையும் ஆடுபவனையும் ஒரே தட்டில் வைத்திருந்தார்கள். இந்த மனிதர்தான், வசனம் வேண்டாம், பாட்டு வேண்டாம், உடம்பே ஒரு கதையை முதலிலிருந்து கடைசி வரை சொல்லும் என்று எழுந்து நின்றார். டான்ஸ் மாஸ்டருக்கு எலும்பும் தசையும் எப்படி வேலை செய்கின்றன என்று தெரிந்திருக்க வேண்டும் என்று எழுதினார். லண்டனில் ஒரு கொட்டகையில் அப்படி ஒரு கதையைப் போட்டும் காட்டினார். கொல்லன் ஒருவன், அவன் அழகான மனைவி, அவளை மயக்க வந்த போர்க்கடவுள், கடைசியில் கொல்லன் வீசும் வலை. ஜனங்களுக்குப் பிடித்துப்போயிற்று. எதிர்க் கொட்டகைக்காரர்கள் அதையே கேலிக்கூத்தாக்கி ஆடினார்கள். அந்த வழியில் பின்னால் போனவர்கள் நன்றாகச் சம்பாதித்தார்கள். இவர் சொந்த ஊருக்குத் திரும்பிப் போய், கிழவராகும் வரை பிள்ளைகளுக்கு ஆடச் சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தார்.

கேட்டு முடித்ததும் நீங்கள் டிபன் பாக்ஸை மூடினீர்கள். அப்புறம் டேப்ரெக்கார்டரின் வயரைச் சுற்றி ஓரமாக வைத்தீர்கள். "இந்த வருஷம் ஒண்ணே ஒண்ணு பாட்டில்லாம போடலாமுங்க டீச்சர். கொல்லன் கதை வேண்டாம். அதைப் போட்டா நம்ம ஹெச்செம்மு நம்மளைத்தான் வலையில போடுவாங்க."

அதே சமயத்தில்தான் என் நாத்தனார் கீதா எங்கள் வீட்டில் தங்கிக் கம்ப்யூட்டர் கிளாஸ் போய்க்கொண்டிருந்தாள். முந்தைய வருஷம் காந்திபுரத்தில் ஏதோ விழாவில் உங்கள் ஆட்டத்தைப் பார்த்திருக்கிறாள். நான் உங்களைப் பற்றி வீட்டில் பேச ஆரம்பித்தால் அவள் நறுக்கிக்கொண்டிருக்கும் காய் அப்படியே நிற்கும். எனக்குப் புரியாதா? நேராகவே கேட்டேன். "அப்பா ஒத்துக்க மாட்டாருங்க அண்ணி" என்றாள். வேண்டாம் என்று சொல்லவில்லை. என் வீட்டுக்காரர், "பையன் நல்ல பையன், நம்மாளுங்கதான், ஆனா அப்பாகிட்ட நீயே பேசிக்கோ" என்று கழன்றுகொண்டார்.

என் மாமனாரைத்தான் உங்களுக்குத் தெரியுமே. பவானியில் ஜமக்காள வியாபாரம். குரலை உயர்த்தி ஒரு வார்த்தை பேசமாட்டார், 'ங்க' போடாமல் ஆட்டுக்குட்டியைக்கூட விரட்டமாட்டார். ஆனால் முடியாது என்று முடிவு செய்துவிட்டால் ஜமக்காளத்தை மடித்து வைத்த மாதிரிதான், பிரிக்க முடியாது. நான் சொன்னதைக் கேட்டுவிட்டு, "ஏனம்மணி, ஊர்ல வேற தொழிலே இல்லீங்களா?" என்று மட்டும் கேட்டார். இருந்தாலும் மருமகள் சொல்லிவிட்டாளே என்று மரியாதைக்கு வீடு பார்க்க வந்தார்.

அந்த மதியம் எனக்கு மறக்காது. உங்கள் அம்மா விடிகாலையிலிருந்து சமைத்திருந்தார்கள். நம் பக்கம் சம்பந்தம் பேசப் போகிற வீட்டில் கை நனைப்பது, அதாவது சாப்பிடுவது, சாதாரண விஷயமா? கை நனைத்தால் சம்மதம், நனைக்காவிட்டால் இல்லை. மாமா நாற்காலி நுனியில் உட்கார்ந்து, குலதெய்வம் முதல் குழாய்த் தண்ணீர் வரை எல்லாம் இனிக்க இனிக்கப் பேசினார். உங்களிடம், "தம்பி, ஆடறதைத் தவிர வேறென்னங்க பண்றீங்க?" என்றார்.

"ஆடறதுதானுங்க" என்றீர்கள். பக்கத்தில் இருந்த எனக்கு உங்களைக் கிள்ள வேண்டும்போல் இருந்தது. ஒரு பேச்சுக்கு ஏதாவது வியாபாரம் என்று சொல்லித் தொலைத்திருக்கக் கூடாதா?

அம்மா இலையைப் போட வந்தார்கள். "ஒரு வாய் சாப்பிட்டுப் போலாமுங்க." மாமா எழுந்து கும்பிட்டார். "இருக்கட்டுங்க. இன்னொரு நாள் சாவகாசமா வந்து சாப்பிட்டாப் போச்சுங்க." வார்த்தையைக் கேட்டால் நாளைக்கே வந்துவிடுவார் போல இருக்கும். அம்மா இலையைச் சுருட்டி எடுத்துக்கொண்டு உள்ளே போனார்கள். திரும்பி வரும்போது அதே இலையில் தொடுத்த பூவை மடித்து எடுத்து வந்து, "கீதா பாப்பாவுக்குக் குடுத்துருங்க. சம்பந்தம் இல்லாட்டி என்னங்க, பூவுக்கு என்ன வந்துச்சு" என்று நீட்டினார்கள். மாமா அதை வாங்கிக்கொண்டார். தோளில் கிடந்த துண்டை எடுத்துப் பட்டென்று ஓர் உதறு உதறி, அடுத்த தோளில் போட்டுக்கொண்டார். "தூசிங்க" என்றார். வீட்டில் தூசியே இல்லை.

மறுநாள் நான் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு வந்தால், நீங்கள் விசிலை விரலில் சுழற்றிக்கொண்டு நிற்கிறீர்கள். "உங்க மாமனாருக்கு எங்களைப் புடிச்சுப் போச்சுங்க டீச்சர்."

"பைத்தியமா மாஸ்டர்? கை நனைக்காமல் போய்விட்டார்."

"கை நனைக்கலைதானுங்க. ஆனா துண்டைப் பாத்தீங்களா? தூசியே இல்லாத ஊட்டுல எதை மறைக்க உதறுனாருங்க?"

எனக்குக் கோபம்தான் வந்தது. அங்கே ஒரு பெண் சாப்பிடாமல் படுத்திருக்கிறாள், இவர் துண்டைப் பார்த்தாராம்.

அதற்குள் நம் கதை தயாராகியிருந்தது. காந்திபுரம் பஸ் ஸ்டாண்டில் ஊரிலிருந்து வந்த அப்பன் ஒருவன் தன் சின்னப் பெண்ணைத் தொலைத்துவிட்டுத் தேடுகிறான். பூக்காரி, கண்டக்டர், சுமை தூக்குகிறவர், லாட்ஜ் ஆள், எல்லாரும் சேர்ந்து தேடுகிறார்கள், கிடைக்கிறாள். இவ்வளவுதான். ஒரு தப்பட்டை, உங்கள் வாயில் ஒரு கண்டக்டர் விசில், வேறு சத்தம் கிடையாது. தொலைகிற பெண்ணாக ஒன்றாம் வகுப்பில் இருந்த என் மகளைப் போட்டீர்கள். அப்பனாக ஒன்பதாம் வகுப்பு பிரகாஷ்.

ஹெச்செம் நம் இருவரையும் கூப்பிட்டார். "பாட்டு இல்லை, பேச்சு இல்லை, பேரன்ட்ஸுக்கு எப்படிப் புரியும்? டீச்சர், நீங்க மைக்ல கதையைச் சொல்லிடுங்க" என்றார். நீங்கள் கைகூப்பினீர்கள். "புரியலைன்னா அடுத்த வருஷம் என்னைக் கூப்பிட வேண்டாமுங்க."

ஆனால் முதலில் எனக்கே புரியவில்லையே! நம் இங்கிலீஷ்காரர் எந்த உணர்ச்சிக்கு எந்தச் சைகை என்று எழுதி வைத்திருந்ததை நான் மொழிபெயர்த்துக் கொடுத்திருந்தேன். நீங்களும் பக்தியோடு அப்படியே பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுத்தீர்கள். பொறாமைக்கு நடுவிரலால் கண்ணைக் காட்ட வேண்டும். ஒரு பூக்காரிக்கு அதிக வியாபாரம் ஆவதைப் பார்த்து இன்னொரு பூக்காரி பொறாமைப்பட்டு, கண்ணருகே விரலை வைத்து நிற்கிறாள். ஒத்திகை பார்க்க வந்த ஆயாம்மா பதறிப்போய், "ஏஞ்சாமி, மெட்ராஸ் ஐ வந்திருச்சா? மத்த புள்ளைககிட்ட நிக்காத கண்ணு, ஒட்டிக்கும்!" என்று அந்தப் பெண்ணை மேடையிலிருந்தே இறக்கிவிட்டார்கள். அந்த வருஷம் பாதி ஊருக்குக் கண்வலி. அவர்களைச் சொல்லி என்ன செய்ய.

நான் சிரித்து ஓய்ந்து பார்த்தபோது நீங்கள் மட்டும் சிரிக்காமல் நின்றீர்கள். "தப்புப் பண்ணிப்போட்டோமுங்க டீச்சர். அவரு எழுதுனது அவரு ஊரு ஆளுங்களைப் பாத்து. நாம நம்ம ஊரு ஆளுங்களைப் பாக்கோணும்." அடுத்த நாளிலிருந்து பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு காந்திபுரம் பஸ் ஸ்டாண்டில் போய் நின்றீர்கள். பூக்காரிக்குப் பொறாமை வந்தால் தன் கூடையில் தண்ணீரைத் தெளிக்கிறாள், தேவைக்கு அதிகமாக. வழி தெரியாதவன் வழி கேட்பதற்கு முன் செருப்பைச் சரி செய்கிறான். இதையெல்லாம் நான் வாழ்நாள் முழுக்கப் பார்த்திருக்கிறேன், கவனித்ததில்லை.

பிரகாஷ் மட்டும் கடைசி வரை சினிமா அப்பாவாகவே இருந்தான். மகள் கிடைத்ததும் இரண்டு கையையும் விரித்துக்கொண்டு மெதுவாக ஓடிவருவான். நீங்கள் தலையில் அடித்துக்கொண்டீர்கள். "எந்த ஊர்லடா உங்கப்பாரு இப்படி ஓடறாரு?" அப்புறம் அவனைத் தனியாகக் கூட்டிக்கொண்டு போய் என்னவோ சொல்லிக்கொடுத்தீர்கள். எனக்குக் காட்டவில்லை.

விழா அன்று மாலை மாமாவும் அத்தையும் பவானியிலிருந்து வந்திறங்கினார்கள். பேத்தி ஆடுகிறாளே! மேடைக்கு விரிக்க ஒரு பெரிய சிவப்புக் கரை ஜமக்காளமும் கொண்டுவந்திருந்தார். ஆட்டுவிக்கிறவர் யார் என்று அவருக்குத் தெரியும். தெரிந்தும் அதைப் பற்றி ஒரு பேச்சில்லை. கீதா அவருக்குப் பின் வரிசையில் தலையைக் குனிந்து உட்கார்ந்திருந்தாள். அவளுக்கு அந்த வாரம் ஈரோட்டுப் பக்கத்திலிருந்து வேறு ஒரு வரன் பேசி, நாள் குறிக்கிற அளவுக்கு வந்திருந்தது. உங்களிடம் அதைச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

இரண்டு விசில். தப்பட்டை ஆரம்பித்தது. மேடையில் காந்திபுரம் வந்து நின்றது. முன்வரிசையில் பேசிக்கொண்டிருந்தவர்கள் பேச்சை நிறுத்தினார்கள். யாரும் யாரிடமும் அது என்ன இது என்ன என்று கேட்கவில்லை. என் மகள் அப்பன் கையை விட்டுவிட்டு பலூன்காரன் பின்னால் போய், பயந்து, பூக்கூடைக்குப் பின்னால் ஒளிந்துகொண்டாள். பிரகாஷ் திரும்பிப் பார்த்தான், ஆளைக் காணோம். ஓடினான், பஸ் பஸ்ஸாக ஏறி இறங்கினான். கூடையைத் தாண்டித் தாண்டிப் போனான், அவனுக்கு மட்டும் அவள் தெரியவில்லை. கூட்டம் முழுக்கப் பார்க்கிறது, அவன் பார்க்கவில்லை. அப்போது, மாஸ்டர், எனக்குப் பக்கத்து நாற்காலி பின்னால் சரிந்து விழுந்தது. குரலை உயர்த்தியே பேசாத என் மாமனார் எழுந்து நின்று கத்தினார்:

"ஏனுங்க தம்பி! அக்கட்டால போகாதீங்க! பூக்கூடைக்குப் பொறவால உக்காந்திருக்கறா பாருங்க!"

அரங்கமே கொல்லென்று சிரித்தது. நான் செத்தேன். ஒரு வார்த்தை இருக்கக் கூடாது என்று இத்தனை பாடுபட்ட ஆட்டத்தில், அதுவும் யார் வாயிலிருந்து! மாமாவுக்கு அப்போதுதான் தான் எங்கே நிற்கிறோம் என்பது உறைத்தது. முகம் கறுத்துவிட்டது. மேடையில் பிரகாஷ் திகைத்து நிற்கிறான். இனி இவர் இந்தப் பள்ளிக்கூட வாசலை மிதிக்கமாட்டார், கீதாவின் கதை முடிந்தது என்று நினைத்தேன்.

நீங்கள் ஓரத்திலிருந்து ஒற்றை விசில் கொடுத்தீர்கள். எல்லாம் நின்றது. அப்புறம் கையை நீட்டி, பிரகாஷுக்கு மாமாவைக் காட்டினீர்கள். அவன் புரிந்துகொண்டான். மேடை நுனிக்கு வந்து மாமாவை நோக்கிக் கைகூப்பி, எங்கே என்று கண்ணாலேயே கேட்டான். மாமா ஒரு நொடி தயங்கினார். பிறகு கையைத் தூக்கி, பேசாமல், கூடையைக் காட்டினார். பவானியிலிருந்து வந்த ஜமக்காள வியாபாரி உங்கள் ஆட்டத்தில் ஒரு ஆளாகிவிட்டார்.

பிரகாஷ் போய்ப் பெண்ணைத் தூக்கினான். கையை விரிக்கவில்லை, கட்டிப்பிடிக்கவில்லை. முதுகில் செல்லமாக ஒரு தட்டுத் தட்டி இறக்கிவிட்டான். கூட்டத்துக்கு முதுகைக் காட்டித் திரும்பிக்கொண்டான். தோளிலிருந்த துண்டை எடுத்தான். பட்டென்று ஓர் உதறு. அடுத்த தோளில் போட்டுக்கொண்டான்.

இப்போது யாரும் சிரிக்கவில்லை. இவரைப் பார்த்து இவரையே மேடையில் ஏற்றிவிட்டீர்களே, கிண்டல் என்று எடுத்துக்கொண்டால்? மெதுவாகத் திரும்பிப் பார்த்தேன். மாமா இன்னும் நின்றுகொண்டுதான் இருந்தார். அவர் கையில் அவர் துண்டு. அதை உதறி அடுத்த தோளில் போட்டுக்கொண்டிருந்தார், தான் செய்வது தனக்கே தெரியாமல். அத்தை சேலைத் தலைப்பை வாயில் வைத்துக்கொண்டு அழுகிறார்களா சிரிக்கிறார்களா என்று தெரியவில்லை.

விழா முடிந்து கூட்டம் கலைந்தபோது மாமாவைக் காணோம். தேடிக்கொண்டு வெளியே வந்தேன். வேப்பமரத்தடியில் அதே ஜமக்காளத்தை விரித்து உங்கள் அம்மா தூக்குவாளியைத் திறந்துகொண்டிருந்தார்கள், நீங்கள் காலையிலிருந்து ஒன்றும் சாப்பிடவில்லை என்று கொண்டுவந்த அரிசிம்பருப்புச் சாதம். கொஞ்ச தூரத்தில் பிள்ளைகள் தண்ணீர் குடிக்கிற குழாயடியில் மாமா நின்றுகொண்டிருந்தார். வேட்டியை மடித்துக் கட்டி, குழாயைத் திருகி, கையைக் கழுவினார். ஒன்றுக்கு இரண்டு தரம் நிதானமாகக் கழுவினார். ஈரக் கையோடு நடந்து வந்து உங்கள் அம்மாவுக்கு எதிரே சம்மணம் போட்டு உட்கார்ந்தார். கையை நீட்டினார்.

அம்மா கரண்டியோடு அவரையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். கீதாதான் எங்கிருந்தோ ஓடிவந்து மூடியில் சாதத்தை வைத்துக் கொடுத்தாள். மாமா ஒரு வாய் சாப்பிட்டார், இன்னொரு வாய் சாப்பிட்டார். அப்புறம்தான் உங்களை நிமிர்ந்து பார்த்தார். "உப்பு சித்த தூக்கலுங்க மாப்பிள்ளை. ஆனா நல்லா இருக்குதுங்க."

நீங்கள் விசிலை வாயில் வைத்தபடியே அழுதீர்கள். அது உங்கள் மூச்சுக்கெல்லாம் கீச் கீச்சென்று சத்தம் போட்டது. அதைப் பார்த்து நாங்கள் சிரித்த சிரிப்பை இன்றைக்கு நினைத்தாலும் வயிறு வலிக்கிறது.

அன்றிலிருந்து முறைப்படி நீங்கள் எனக்கு அண்ணன். நான் கடைசி வரை மாஸ்டர் என்றேன், நீங்களும் டீச்சரை விடவில்லை. நம் இங்கிலீஷ்காரரைப் போலவே நீங்களும் இருந்த ஊரிலேயே இருந்தீர்கள், தலை நரைக்கும் வரை ஆடச் சொல்லிக்கொடுத்தீர்கள். வருஷா வருஷம் ஒரு வார்த்தையில்லா ஆட்டம். பக்கத்துப் பள்ளிக்கூடங்களிலும் காப்பியடித்தார்கள். "அவருக்கும் இப்படித்தானுங்களே டீச்சர்" என்று அதற்கும் சந்தோஷப்பட்டீர்கள். அந்தத் தடிப் புத்தகம் உங்கள் வீட்டில் சாமி படத்துக்குப் பக்கத்தில் இருக்கிறது, கீதா எடுக்க விடமாட்டாள்.

போன ஆடியில் உங்களைக் கிடத்தியிருந்தபோது எல்லாரும் எதையெதையோ சொல்லி அழுதார்கள். மாமாவை இரண்டு பேர் பிடித்துக் கூட்டிவந்தார்கள். அவருக்கு இப்போது காதும் கேட்பதில்லை, பேச்சும் குறைந்துவிட்டது. உங்கள் காலடியில் வெகுநேரம் நின்றார். பிடித்திருந்தவர்களின் கையை விலக்கிவிட்டு, தோளிலிருந்த துண்டை எடுத்து, உதறி, அடுத்த தோளில் போட்டுக்கொண்டார். மாஸ்டர், உங்களுக்கு அதற்கு மேல் யார் என்ன சொல்லியிருக்க முடியும்?

நேற்று பஸ் பீளமேட்டை நெருங்கியது. நம் பள்ளிக்கூடத்து வாசலில் ஓர் அப்பன் பிள்ளையின் பையைத் தூக்கிக்கொண்டு நின்றான். கண்டக்டர் மறுபடியும் இரண்டு விசில் கொடுத்தார். நான் முந்தானை நுனியை எடுத்துப் பட்டென்று உதறினேன். பக்கத்தில் உட்கார்ந்திருந்த காலேஜ் பெண் திரும்பிப் பார்த்தாள்.

"ஏனுங்கக்கா, தூசிங்களா? ஜன்னலைச் சாத்தட்டுங்களா?"

"ஆமா கண்ணு, தூசிதான்" என்றேன். "சாத்த வேண்டாம். இருக்கட்டும்."